தாரிக் என்ற பெயர்: அதன் பொருளும் வழிவந்த மரபும்

அஸ்ஸலாமு அலைக்கும், சகோதரரே. தங்கள் கேள்வியை நான் இப்படிப் புரிந்துகொள்கிறேன். பிறந்திருக்கும் ஆண் குழந்தைக்குத் 'தாரிக்' என்று பெயர் வைக்க வீட்டில் விரும்புகிறீர்கள். பொருள் தேடினால் ஓர் இணையதளம் 'விடிவெள்ளி' என்கிறது, மற்றொன்று 'கதவைத் தட்டுபவன்' என்கிறது, மூன்றாவது 'வெற்றி வீரன்' என்கிறது. போதாக்குறைக்கு உறவினர் ஒருவர் 'அதற்குக் கைவிட்டவன் என்றுதான் பொருள், வைக்காதீர்கள்' என்று சொல்லிவிட்டார். ஆக, தாங்கள் கேட்பது அகராதிப் பொருளை மட்டுமல்ல. இந்தப் பெயர் எங்கிருந்து வந்தது, இதைத் தாங்கியவர்கள் யார், இதைப் பிள்ளைக்கு மனக்குறையின்றி வைக்கலாமா என்பதையும்தான். நான் அரபு இலக்கணம் கற்பித்துவருபவன். மொழியும் வரலாறும் பற்றி நிதானமாகச் சொல்ல முடியும். மார்க்கத் தீர்ப்பு என்று ஒன்று வேண்டுமானால் அதைத் தங்கள் ஊர் ஆலிமிடம் (மார்க்க அறிஞரிடம்) கேட்டுக்கொள்வதே முறை.

உறவினர் சொன்னதிலிருந்தே தொடங்குகிறேன்; அவர் முற்றிலும் ஆதாரமில்லாமல் பேசவில்லை. அரபியில் தமிழ் எழுத்துக்கு 'தாரிக்' என்றே வரும் இரண்டு வேறு சொற்கள் உண்டு. ஒன்று, அரபு அகரவரிசையின் 16ஆவது எழுத்தான கனத்த 'தா'வில் தொடங்கி, 21ஆவது எழுத்தான அடித்தொண்டைக் 'காஃப்'பில் முடிவது, இதுதான் பெயர். மற்றது, 3ஆவது எழுத்தான மெல்லிய 'தா'வில் தொடங்கி, 22ஆவது எழுத்தான சாதாரணக் 'காஃப்'பில் முடிவது. அதற்கு 'விட்டுவிட்டவன், கைவிட்டவன்' என்று பொருள். தொழுகையை விட்டவனைத் 'தாரிக்குஸ் ஸலாத்' என்று பயான்களில் (மார்க்கச் சொற்பொழிவுகளில்) சொல்லக் கேட்டிருப்பீர்கள். அங்கே வருவது இந்த இரண்டாவது சொல். முதல் எழுத்தும் கடைசி எழுத்தும் வேறு, வேர்ச்சொல்லும் வேறு. தமிழில் இந்த ஒலிகளைப் பிரித்துக் காட்டும் எழுத்துகள் இல்லாததால் இரண்டும் ஒன்றுபோலத் தெரிகின்றன, அவ்வளவுதான். அரபு எழுத்துகளில் தமிழை எழுதிய நம் முன்னோரின் அரபுத்தமிழில் இந்தக் குழப்பத்துக்கே இடம் இருந்திருக்காது.

இனிப் பெயரின் வேருக்கு வருவோம். 'தரக' என்ற வினைக்கு அடித்தல், தட்டுதல் என்பதே அடிப்படைப் பொருள். சுத்தியலுக்கு அரபியில் 'மித்ரகா' என்று பெயர். கொல்லன் இரும்பை அடிப்பதும் இதே வினைதான். பாதையைத் 'தரீக்' என்கிறோம். கால்களால் மிதித்து அடிபட்டுத் தேய்ந்த தடம் என்பதால் அந்தப் பெயர் என்று, திருக்குர்ஆன் சொற்களுக்கு அகராதி செய்த ராகிப் அல்-இஸ்ஃபஹானீ விளக்குகிறார். வழிமுறைக்கும் சூஃபிகளின் நெறிக்கும் வழங்கும் 'தரீக்கா' அதிலிருந்து வந்தது. 'தாரிக்' என்பது இந்த வினையிலிருந்து பிறந்த 'இஸ்முல் ஃபாயில்'. நம் இலக்கணத்தில் வினையாலணையும் பெயர் என்கிறோமே, ஏறக்குறைய அதே வகை. குறிலும் நெடிலும் இடம் மாறினால் பாதை ஆளாகிவிடும்: 'தரீக்' பாதை, 'தாரிக்' அதில் வருபவன். ஆகவே, பிள்ளையைக் கூப்பிடும்போது முதல் எழுத்தை நீட்டியும் இரண்டாவதைக் குறுக்கியும் சொல்லவேண்டும். 'தரீக்' என்று கூப்பிட்டால் அவனைச் சாலை என்று கூப்பிடுவதாக ஆகும்.

எந்த வருகையும் 'தாரிக்' ஆகிவிடாது. அரபு வழக்கில் இந்தச் சொல் இரவில் வருபவனுக்கே உரியதாகிவிட்டது. இதற்குக் காரணம் சொல்வதில் இரண்டு போக்குகள் உண்டு. வழிநடப்பவன் என்ற பொதுப்பொருள், பழக்கத்தால் இரவில் வருபவன் என்று சுருங்கியது என்கிறார் ராகிப். இரவில் கதவு அடைத்திருக்கும், வந்தவன் தட்டித்தான் ஆகவேண்டும், அதனால் 'தட்டுபவன்' இரவு விருந்தாளியானான் என்பது வேறு சிலரின் விளக்கம். இரண்டாவது விளக்கம் கேட்க அழகாக இருந்தாலும், முதலாவதே சொல் வளர்ந்த விதத்துக்கு நெருக்கமானது என்பது என் எண்ணம். ஏனெனில் பாலைவனத்தில் கூடாரவாசிகளிடையே வழங்கிய சொல்லுக்குக் கதவு அவ்வளவு இன்றியமையாததாக இருந்திருக்காது. எப்படியிருந்தாலும், 'இரவில் வருபவன்' என்பதில் ஐயமே இல்லை. இந்த வினையை நபிமொழியிலும் பார்க்கலாம்: நீண்ட நாள் வெளியூரில் இருந்தவர் திடீரென்று இரவில் வீட்டாரிடம் வந்து நிற்கவேண்டாம் என்று நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தடுத்ததாக நபித்தோழர் ஜாபிர் (ரலி) அறிவிக்கும், புகாரீ என்ற நபிமொழித் தொகுப்பிலுள்ள ஹதீஸில், 'இரவில் வருதல்' என்பதற்கு இதே வினைதான் ஆளப்பட்டிருக்கிறது.

இரவில் வருபவன் என்றால் திருடனும் இரவில்தானே வருகிறான் என்று சிலர் கேட்பதுண்டு. கேள்வி நியாயமானதுதான், சொல்லளவில் அது நன்மைக்கும் தீமைக்கும் பொதுவானது. இதற்கு நல்ல சான்றாக ஒரு பழைய துஆ (பிரார்த்தனை) இருக்கிறது. இமாம் மாலிக்கின் 'முவத்தா' என்ற நபிமொழித் தொகுப்பில் வருகிறது. இரவு பகலின் 'தவாரிக்'குகளிலிருந்து பாதுகாப்புத் தேடிவிட்டு, உடனே 'நன்மையோடு வரும் தாரிக்கைத் தவிர, ரஹ்மானே' என்று முடிகிறது அது. 'தவாரிக்' என்பது இதே வேரின் பன்மை. வந்துசேரும் தீங்குகளைச் சொன்ன அதே மூச்சில், நன்மையோடு வருபவனுக்கு மட்டும் விலக்கு அளிக்கிறது அந்த வாசகம். பிள்ளைக்குப் பொருள் சொல்லித்தர நேர்ந்தால், இந்தத் துஆவைக் கற்றுக்கொடுத்து 'நன்மையோடு வரும் தாரிக்' என்று சொல்லிக்கொடுங்கள் என்பேன்.

நட்சத்திரம் என்ற பொருள் திருக்குர்ஆனிலிருந்து வருகிறது. 86ஆவது அத்தியாயத்தின் பெயரே 'அத்தாரிக்'. 17 வசனங்கள் கொண்டது, மக்காவில் அருளப்பட்டது, மக்தபு (குர்ஆன் பள்ளி) பிள்ளைகள் மனனம் செய்யும் அம்ம ஜுஸ்வில், அதாவது குர்ஆனின் கடைசிப் பகுதியில், இருக்கிறது. 'வானத்தின் மீதும் இரவில் வருவதன் மீதும் சத்தியமாக. இரவில் வருவது எதுவென்று உமக்கு அறிவித்தது எது? அது துளைத்தொளிரும் நட்சத்திரம்' என்ற கருத்தில் அது தொடங்குகிறது. இங்கே கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு: 'தாரிக்' என்ற சொல் தனியாக நட்சத்திரத்தைக் குறித்திருந்தால், 'அது எதுவென்று உமக்கு அறிவித்தது எது' என்று கேட்டு விளக்கவேண்டிய தேவை அத்தனை அழுத்தமாக எழுந்திருக்காது. இரவில் வருபவன் என்ற பழகிய சொல்லை வானத்தில் வைத்து, கேட்பவரைத் திகைக்கச் செய்து, பிறகு விடை சொல்கிறது அந்த நடை. பகலில் மறைந்து இரவில் தோன்றுவதால் நட்சத்திரத்துக்கு இந்தப் பெயர் என்று ஆரம்பகால விரிவுரையாளர் கதாதா சொன்னதாக இமாம் தபரீ பதிவு செய்கிறார்.

எந்த நட்சத்திரம் என்பதில்தான் கருத்துகள் பிரிகின்றன. எல்லா நட்சத்திரங்களையும் பொதுவாகக் குறிக்கும் என்றோர் பிரிவினர். 'சுரையா', அதாவது நாம் கார்த்திகை என்றும் அறுமீன் என்றும் சொல்லும் கூட்டம் என்று சிலர். சனிக்கோள் என்று வேறு சிலர். விடிவெள்ளி என்பது பெரும்பாலும் அகராதிகளின் வழியே வந்தது. லிஸானுல் அரப் போன்ற பேரகராதிகளில் அந்தப் பொருளும் இடம்பெற்றிருக்கிறது. ஆகவே இணையதளம் சொன்ன 'விடிவெள்ளி' பிழையன்று, ஆனால் பல கருத்துகளில் ஒன்று. அதையே ஒரே பொருளாகச் சொல்வது மிகை. இரவில் தோன்றும் நட்சத்திரம் என்று சொல்லி நிறுத்திக்கொண்டால் எவரும் மறுக்கமாட்டார்கள்.

இதோடு சேர்த்து இன்னொன்றையும் சொல்லவேண்டியிருக்கிறது, ஏனெனில் பெயர்ப் பொருள் தேடுகிறவர்களின் கண்ணில் அது கட்டாயம் படும். 'தாரிக் என்பது பல்சர் (துடிவிண்மீன்) என்ற நட்சத்திரம். அது கதவைத் தட்டுவதுபோல ஒலி எழுப்புகிறது' என்று ஒலிப்பதிவோடு காணொளிகள் சுற்றுகின்றன. பல்சர்கள் 1967ஆம் ஆண்டு கேம்பிரிட்ஜில் ஜோஸ்லின் பெல் என்ற ஆய்வு மாணவியின் கண்ணில் முதன்முதலில் பட்டன. அவை அனுப்புவது ரேடியோ அலைத் துடிப்புகள். ஒலி வெற்றிடத்தில் பயணம் செய்யாது. காணொளியில் கேட்கும் 'டக் டக்' ஓசை, அந்தத் துடிப்புகளை ஒலிபெருக்கியில் ஒலியாக மாற்றியதால் வருவது. வசனமும் அந்த நட்சத்திரத்தைத் துளைத்தொளிர்வது என்றுதான் வருணிக்கிறது, தட்டுவது என்று அல்ல. ஆகவே இதை உறுதியான செய்தியாகப் பிள்ளைக்குச் சொல்லவேண்டாம் என்பது என் தாழ்மையான கருத்து.

பெயர் இஸ்லாத்துக்கு முந்தியது என்பதற்கும் ஆதாரம் இருக்கிறது. கி.பி. 625இல் நடந்த உஹத் போரில், அப்போது நபியவர்களை எதிர்த்த மக்காவின் குறைஷியர் பக்கம் இருந்த ஹிந்த் பின்த் உத்பா தம் படையை உற்சாகப்படுத்தப் பாடியதாக வரலாற்று நூல்கள் தரும் வரிகள், 'நஹ்னு பனாத்து தாரிக்' என்று தொடங்குகின்றன: 'நாங்கள் தாரிக்கின் புதல்வியர், மெத்தைகளின்மேல் நடப்பவர்கள்.' இந்தத் தாரிக் யார்? நட்சத்திரத்தைப்போல் உயர்ந்த தந்தையின் பெண்கள் என்று பெருமை பேசுகிறார் என அகராதிக்காரர்கள் பலர் விளக்கினர். ஒரு மூதாதையின் பெயர் என்று சிலர் கொண்டனர். இந்த வரிகளே ஹிந்த் காலத்துக்கு முந்திய வேறொரு பெண்ணுடையவை என்ற கருத்தும் உண்டு. ஹிந்த் பிற்பாடு மக்கா வெற்றியின்போது இஸ்லாத்தைத் தழுவினார் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

ஆனால் இந்தப் பெயருக்கு மரபு என்று நான் முதலில் காட்ட விரும்புவது அந்தப் பாட்டையும் அல்ல, ஸ்பெயினை வென்ற தளபதியையும் அல்ல, நபித்தோழர்களை. அவர்களிடையே இப்பெயருடையவர் ஒருவருக்கு மேல் உண்டு. தாரிக் பின் அஷ்யம் அல்-அஷ்ஜயீ (ரலி) அவர்களின் அறிவிப்புகளை அவருடைய மகன் அபூ மாலிக் வழியாக 'முஸ்லிம்' என்ற நபிமொழித் தொகுப்பு தருகிறது. புதிதாக இஸ்லாத்துக்கு வந்தவருக்கு நபியவர்கள் முதலில் தொழுகையையும், பிறகு 'அல்லாஹும்மஃக்ஃபிர்லீ, வர்ஹம்னீ, வஹ்தினீ, வர்ஸுக்னீ' என்ற துஆவையும் கற்றுக்கொடுப்பார்கள் என்ற செய்தி அவர் மூலம்தான் நமக்கு வந்திருக்கிறது. மன்னிப்பு, அருள், நேர்வழி, வாழ்வாதாரம் என்று நான்கையும் நான்கு சொல்லில் கேட்கும் துஆ அது. தங்கள் வீட்டிலும் யாராவது அன்றாடம் ஓதிக்கொண்டிருக்கலாம். தாரிக் பின் அப்துல்லாஹ் அல்-முஹாரிபீ (ரலி) மற்றொருவர். மக்காவுக்கு அருகிலிருந்த துல்மஜாஸ் சந்தையில் நபியவர்கள் மக்களை ஓரிறைக் கொள்கைக்கு அழைத்துக்கொண்டு நடந்ததையும், அவர்களின் பின்னாலேயே அவர்களை எதிர்த்த பெரியதந்தை அபூலஹப் கல்லெறிந்தபடி 'இவரை நம்பாதீர்கள்' என்று சொல்லிக்கொண்டு போனதையும் கண்ணால் கண்டு சொன்னவர் அவர். மூன்றாமவர் தாரிக் பின் ஷிஹாப். நபியவர்களைப் பார்த்தவர், ஆனால் அவர்களிடம் நேரடியாக எதையும் கேட்டவரல்லர் என்று இமாம் அபூதாவூத் குறிப்பிடுகிறார்.

இதில் ஒரு நுட்பம் இருக்கிறது. பொருள் சரியில்லாத பெயர்களை நபியவர்கள் மாற்றியிருக்கிறார்கள். 'மாறு செய்பவள்' என்று பொருள்படும் ஆஸியாவை ஜமீலா என்று மாற்றினார்கள். (ஃபிர்அவ்னின் மனைவி ஆஸியாவின் பெயர் வேறு எழுத்துகளால் ஆனது, இங்கும் தமிழ் எழுத்து நம்மைக் குழப்புகிறது.) 'கரடுமுரடு' என்று பொருள்படும் ஹஸ்ன் என்பவரிடம் ஸஹ்ல் என்று மாற்றிக்கொள்ளச் சொன்னபோது, தந்தை வைத்த பெயரை மாற்றமாட்டேன் என்று அவர் மறுத்ததும் புகாரீயில் இருக்கிறது. தாரிக் என்ற பெயருடைய தோழர்களோ அதே பெயராலேயே ஹதீஸ் நூல்களில் தொடர்ந்து வருகிறார்கள். இதிலிருந்து பெயரில் குறையில்லை என்று முடிவுசெய்வது மொழி ஆசிரியனாகிய எனக்கு நியாயமாகப் படுகிறது. 'இந்தப் பெயர் வைத்தால் பிள்ளை முரடாவான்' என்று சிலர் சொல்வதற்கு நான் படித்த நூல்களில் எந்த இடமும் இல்லை. ஆங்கில எழுத்துகளைக் கூட்டிப் பலன் சொல்லும் எண்கணிதத்துக்கும் அரபுப் பெயருக்கும் ஒட்டுமில்லை, உறவுமில்லை.

இனி 'வெற்றி வீரன்'. அது சொல்லின் பொருளே அல்ல. ஒரு மனிதரின் புகழ் பெயரின் மீது ஏறிக்கொண்டது. தாரிக் பின் ஸியாத் நபித்தோழர் என்று சில தளங்களில் எழுதியிருக்கிறார்கள், அது தவறு. அவர் உமய்யா வம்சத்துக் கலீஃபாக்களின் காலத்தில், வட ஆப்பிரிக்காவின் ஆளுநர் மூஸா பின் நுஸைரின் கீழ் இருந்து, தஞ்சா (இன்றைய மொராக்கோவின் டான்ஜியர்) நகரைப் பொறுப்பில் வைத்திருந்தவர். கி.பி. 711இல், ஹிஜ்ரி 92இல், நீரிணையைக் கடந்து ஸ்பெயினின் தென்முனைப் பாறையருகே இறங்கினார். அதே ஆண்டு, ஸ்பெயினை ஆண்ட விசிகோத் இனத்து அரசன் ரொடெரிக்கைத் தோற்கடித்து, தலைநகர் டொலீடோ வரை சென்றார். இவற்றில் ஆய்வாளர்களிடையே பெரிய தகராறு இல்லை. 754ஆம் ஆண்டோடு முடியும், ஸ்பெயின் கிறிஸ்தவர் ஒருவர் எழுதிய லத்தீன் வரலாற்றிலேயே தாரிக்கின் பெயர் இருக்கிறது; அது அந்த நிகழ்வுக்குச் சுமார் நாற்பதே ஆண்டுகள் கழிந்த எழுத்து. அவர் இறங்கிய சுண்ணாம்புப் பாறைக்கு 'ஜபல் தாரிக்', தாரிக்கின் மலை, என்று பெயர் வந்து, ஐரோப்பியர் வாயில் தேய்ந்து ஜிப்ரால்டர் ஆயிற்று. 426 மீட்டர் உயரமுள்ள அந்தப் பாறை இன்றும் அவர் பெயரைத்தான் சுமக்கிறது. அதற்கு முந்தைய ஆண்டு வேவு பார்க்கப் போன தரீஃப் என்பவரின் பெயரில் பக்கத்திலேயே தரீஃபா என்ற ஊர் இருக்கிறது. இரண்டையும் ஒன்றாகக் குழப்புவோர் உண்டு, ஆனால் அவை வேறு வேறு வேர்கள்.

படை 7,000 என்றும் பின்னர் 5,000 பேர் வந்து சேர்ந்தனர் என்றும் நூல்கள் சொல்லும் எண்களை மரபுக் கணக்காகவே எடுத்துக்கொள்ளவேண்டும். தாரிக் வட ஆப்பிரிக்காவின் பெர்பர் இனத்தவர் என்பதே பெரும்பாலோர் கருத்து. பாரசீகத்தின் ஹமதானைச் சேர்ந்தவர் என்று சொன்ன பழைய ஆசிரியர்களும் உண்டு. எல்லோருக்கும் தெரிந்த கதையோ, அவர் கப்பல்களைக் கொளுத்திவிட்டு, 'கடல் உங்களுக்குப் பின்னே, பகைவர் உங்களுக்கு முன்னே' என்று முழங்கியது. அதன் நிலை பலவீனமானது. இதுபற்றி எழுதிய பழைய அரபு வரலாற்றாசிரியர், 871இல் காலமான எகிப்தியர் இப்னு அப்தில் ஹகம். அவர் நூலில் கப்பல் எரிப்பு இல்லை. ஜூலியன் என்ற உள்ளூர்த் தலைவனின் வணிகக் கப்பல்களில் ஆட்கள் சிறிது சிறிதாக ஏற்றிச்செல்லப்பட்டதாகவே அவர் சொல்கிறார். கடன் வாங்கிய கப்பலை யார் கொளுத்துவார்கள்? எரிப்புக் கதை 12ஆம் நூற்றாண்டில் அல்-இத்ரீஸி போன்றோர் நூல்களில் தலைகாட்டுகிறது. முழக்கத்தின் முழு வாசகத்தை இன்று எல்லோரும் எடுத்தாள்வது 17ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த அல்-மக்கரீயின் நூலிலிருந்து. பெரும்பாலும் பெர்பர்களான ஒரு படைக்கு முன் எதுகையும் மோனையுமாக அரபு உரைநடையில் ஒருவர் பேசியிருப்பாரா என்ற ஐயமும் சேர்ந்துகொள்கிறது. பள்ளி மேடைக்கு அது நல்ல பேச்சு. வரலாறாகச் சொல்வதற்கு ஆதாரம் போதாது. உறுதியான வேறொரு செய்தி அதைவிட மனத்தைத் தொடுகிறது: மூஸாவும் தாரிக்கும் கலீஃபா வலீதின் அழைப்பின்பேரில் 714இல் டமாஸ்கஸ் நோக்கிப் புறப்பட்டார்கள், அதன்பின் தாரிக் என்ன ஆனார் என்று நம்பத்தக்க நூல் எதுவும் சொல்லவில்லை.

பெயர் பிற்காலத்தில் பரவிய விதத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். துருக்கியிலும் போஸ்னியாவிலும் மொராக்கோவிலும் பாகிஸ்தானிலும் வங்காளத்திலும் இது பழகிய பெயர். எகிப்தியர் கடைசிக் 'காஃப்'பை விழுங்கித் 'தாரெ' என்று நிறுத்துவார்கள். சூடானியர் 'தாரிக்' என்பதன் கடைசி எழுத்தை 'கங்கை'யின் முதல் எழுத்துப்போல ஒலிப்பார்கள். முஸ்லிம்களுக்கு மட்டும் உரியதும் அல்ல; இராக்கின் வெளியுறவு அமைச்சராக இருந்த தாரிக் அஸீஸ் கல்தேயக் கிறிஸ்தவர், மீகாயீல் யுஹன்னா என்று பிறந்தவர்.

வைக்க முடிவுசெய்தால் சில காரியங்களைக் கவனித்துக்கொள்ளுங்கள். 'முஹம்மது தாரிக்', 'தாரிக் அஹ்மது' என்று சேர்த்து வைப்பதில் தடையில்லை. ஆனால் 'அப்துத் தாரிக்' என்று வைக்கக்கூடாது, ஏனெனில் தாரிக் அல்லாஹ்வின் திருநாமங்களில் ஒன்றல்ல. ஆங்கிலத்தில் எழுதும்போது நம்மவர்கள் 'த'வுக்காக 'டி'யோடு 'எச்' சேர்ப்பது வழக்கம். அரபு நாட்டில் அதைப் பார்க்கும் எழுத்தர், அது அரபியின் 4ஆவது எழுத்தான 'ஸா' என்று எண்ணிவிட வாய்ப்புண்டு. கடைசியில் 'கே' போட்டால் தங்கள் உறவினர் பயந்த 'கைவிட்டவன்' ஆகிவிடவும் கூடும். 'எச்' இல்லாமல் 'டி'யில் தொடங்கி, 'க்யூ'வில் முடிப்பதே பாதுகாப்பு. பிறப்புச் சான்றிதழுக்கு விண்ணப்பிக்கும் முன்பே பள்ளிவாசல் இமாமிடம் பெயரை அரபியில் ஒரு தாளில் எழுதி வாங்கி, 16ஆவது எழுத்தும் 21ஆவது எழுத்தும் சரியாக இருக்கின்றனவா என்று பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். பிற்பாடு கடவுச்சீட்டு, விசா என்று வரும்போது அந்தத் தாளைக் காட்டி அப்படியே எழுதச் சொல்லலாம்.